காலியாக இருந்த கட்டம்

இரண்டாவது உலக யுத்தம் தொடங்குவதற்கு இரண்டு வருடங்களுக்கு முன்பு, கம்பம் பள்ளத்தாக்கில் ஒரு சின்ன ஆஸ்பத்திரியில் நான் ரைட்டராக இருந்தபோது நடந்தது இது. ஊர்ப் பெயரைச் சொல்ல மாட்டேன். சம்பந்தப்பட்டவர்களின் பிள்ளைகள் இன்னும் அங்கேதான் இருக்கிறார்கள். என் பெயரும் வேண்டாம். வெட்கம் இன்னும் தீரவில்லை என்று வைத்துக்கொள்ளுங்கள்.

ஆஸ்பத்திரி என்றதும் பெரிதாக நினைத்துவிடாதீர்கள். ஓட்டுக் கட்டடம் ஒன்று. ஒரு டாக்டர், ஒரு கம்பவுண்டர், ஒரு ஆயா, அப்புறம் நான். வருகிறவர்களின் பெயர், புருஷன் அல்லது தகப்பன் பெயர், ஊர், வயது, நோய் எல்லாவற்றையும் ரிஜிஸ்தரில் எழுதுவது என் வேலை. நோயைப் பெயராக எழுதினால் போதாது. சென்னையிலிருந்து அச்சடித்து வந்த பட்டியல் புத்தகம் ஒன்று மேசையில் இருக்கும். அதில் ஒவ்வொரு நோய்க்கும் ஒரு நம்பர். அந்த நம்பரைக் கடைசிக் கட்டத்தில் எழுத வேண்டும். மாதம் முடிந்ததும் எந்த நம்பரில் எத்தனை பேர் என்று மதுரைக்கு அனுப்ப வேண்டும். கட்டம் எதுவும் காலியாக இருந்தால் விளக்கம் கேட்டுக் காகிதம் வரும். அதைப் படித்துவிட்டு டாக்டர் என்னை ஒரு பார்வை பார்ப்பார். அதனால் காலிக் கட்டத்தைக் கண்டாலே எனக்கு ஆகாது.

அந்தப் பட்டியலை நான் மனப்பாடமாக வைத்திருந்தேன். டாக்டர் வாயை மூடுவதற்குள் நம்பர் ரிஜிஸ்தரில் ஏறியிருக்கும். அதில் எனக்குக் கொஞ்சம் தலைக்கனமும் உண்டு. வாய்க்காலில் தண்ணீர் வந்து நடவு ஆரம்பித்துவிட்டால் பள்ளத்தாக்கு முழுக்க மலேரியாதான். அறுபது பேர் வந்தால் ஐம்பது பேருக்குக் குளிர்காய்ச்சலாக இருக்கும். முதல் ஆளுக்கு நம்பரை எழுதிவிட்டு, அதற்குக் கீழே வரிசையாக ‘மேற்படி’ போட்டுக்கொண்டே போவேன். மேற்படி என்று எழுதக்கூட மாட்டேன், இரண்டு சின்னக் கோடு இழுப்பேன். தூக்கத்தில் எழுப்பிவிட்டாலும் என் கை அந்த இரண்டு கோட்டையும் நேராகப் போடும்.

அப்படி ஒரு நடவுக் காலத்தில், சந்தை நாள் அன்று, அந்தப் பெண் வந்தாள். இருபத்தைந்து வயது இருக்கும். இடது காலை மடக்காமல், பக்கவாட்டில் அரைவட்டம் அடித்து அடித்து நடந்து வந்தாள். இடுப்பில் ஒன்றரை வயதுப் பெண் குழந்தை. வரிசையில் காத்திருக்கும்போது சுவரில் சாய்ந்து தரையில் உட்கார்ந்தாள். மடங்காத காலை முன்னால் நீட்டிக்கொண்டாள். குழந்தை அவள் பாதத்தில் ஏறி, கணுக்காலைப் பிடித்து, கால் மேலேயே தவழ்ந்து மடிக்கு வந்தது. மறுபடியும் இறங்கி மறுபடியும் ஏறியது. தாயும் மகளும் இதை ஒரு விளையாட்டாகவே வைத்திருந்தார்கள் என்று நினைக்கிறேன். கூட்டத்தில் இருந்தவர்கள் எல்லாம் அதைப் பார்த்துச் சிரித்தார்கள்.

டாக்டர் பார்த்தார். முந்தின வருடம் நாற்று முடிச்சைத் தலையில் வைத்துக்கொண்டு வரப்பில் வரும்போது வழுக்கி, மதகுக் கல்லில் முட்டி மோத விழுந்திருக்கிறாள். ஊர் வழக்கப்படி பச்சிலை அரைத்துப் பூசி, மூங்கில் பத்தை வைத்து நாற்பது நாள் கட்டுப் போட்டிருக்கிறார்கள். முழங்கால் சில்லு இரண்டாக உடைந்து, மேல் துண்டு மேலே ஏறி, இடைவெளி விட்டுக் கோணலாகக் கூடிவிட்டது. வெளியிலிருந்து பார்த்தாலே முட்டியில் இரண்டு மேடு தெரிந்தது. பச்சிலைக் காரம் பட்ட இடத்தில் தோல் வெளுத்து, உள்ளங்கை அகலத்துக்கு ஒரு பட்டை விழுந்திருந்தது.

“இது இனி மடங்குமாய்யா? புள்ளையக் குனிஞ்சு தூக்க முடியலை. அது வந்து ஏறுனாத்தான் உண்டு” என்றாள்.

டாக்டர் மறைக்கவில்லை. மடங்காது, வலிக்குத் தைலம் தருகிறேன் என்று சொல்லிவிட்டு, என் பக்கம் திரும்பி, “சில்லு உடைந்து தப்பாகக் கூடியிருக்கிறது, எழுதிக்கொள்ளும்” என்றார். அடுத்த ஆள் அதற்குள் நாற்காலியில் உட்கார்ந்து உதறிக்கொண்டிருந்தான்.

நான் பேனாவைத் தூக்கினேன். நம்பர் வரவில்லை. எலும்பு முறிவுக்கு நம்பர் உண்டு, ஆனால் அது புதிதாக முறிந்ததற்கு. மூட்டு வியாதிக்கு உண்டு, ஆனால் இது வியாதி இல்லை. உடைந்தது தெரியும், கூடியது தெரியும், கோணலாகக் கூடியதை எங்கே வைப்பது என்று அந்தப் புத்தகத்தில் கிடையாது. சாயங்காலம் டாக்டரிடம் கேட்டுக்கொள்ளலாம் என்று கட்டத்தை அப்படியே விட்டேன். சாயங்காலம் டாக்டர் பக்கத்து ஊருக்குப் பிரசவம் பார்க்கப் போய்விட்டார். நானும் மறந்துவிட்டேன்.

மாதம் முடிந்தது. மதுரைக்குக் கணக்கு அனுப்ப வேண்டிய நாள். பக்கம் பக்கமாகப் புரட்டி, விட்டுப்போன கட்டங்களை நிரப்பினேன். இன்னும் நாலைந்து இருந்தன என்று ஞாபகம். எல்லாவற்றையும் நிரப்பி, கூட்டிப்போட்டு, உறையில் வைத்து ஒட்டிவிட்டு, நிம்மதியாக ஒரு காப்பி குடித்தேன்.

எங்கள் ஆஸ்பத்திரிக்கு வெளியே, சுற்றுச்சுவரைத் தாண்டி ஒரு வாகை மரம். செவ்வாய்க்கிழமைதோறும் தொழுநோய்க்காரர்கள் அதன் அடியில் வந்து உட்காருவார்கள். அவர்களை உள்ளே விடுவதில்லை. அந்தக் காலத்து வழக்கம் அது. நான் வாசலில் நின்றுகொண்டு நோயாளிகள் பெயர் எழுதிய ஜாபிதாவைப் பார்த்துக் கூப்பிடுவேன். கம்பவுண்டர் போய் நீரடிமுத்து எண்ணெய் ஊசியைப் போட்டுவிட்டு வருவார். ஊசி போட்ட இடம் நாலு நாளைக்குக் கொதிக்கும் என்று சொல்வார்கள். புது ஆட்களின் பெயரைச் சுகாதார இன்ஸ்பெக்டர் எங்கள் ரிஜிஸ்தரிலிருந்தே எடுத்துக்கொண்டு, ஊர் ஊராகப் போய் முத்திரை வைத்த காகிதத்தை வீட்டில் கொடுத்து எச்சரித்துவிட்டு, எனக்கு ஜாபிதா அனுப்புவார். நான் அதைப் பார்த்து ஊசி நோட்டில் ஏற்றிக்கொள்வேன்.

அடுத்த மாதக் கடைசியில் ஒரு செவ்வாய்க்கிழமை, வாகை மரத்தடியில் அந்தப் பெண் காலை நீட்டி உட்கார்ந்திருந்தாள். அந்தக் காலை எனக்கு அடையாளம் தெரிந்தது. குழந்தை இல்லை என்பதையும் கவனித்தேன். பாவம், இதுவும் சேர்ந்துகொண்டதா என்று நினைத்தேன். டாக்டர் பிறகு பார்த்துக் கண்டுபிடித்திருப்பார், இல்லாவிட்டால் ஜாபிதாவில் எப்படி வரும் என்று நானே எனக்குச் சமாதானம் சொல்லிக்கொண்டேன். டாக்டரோ அந்த மரத்தடிக்கு வருவதே கிடையாது. அது எனக்கும் தெரியும். தெரிந்தும் பெயரைக் கூப்பிட்டேன். அவள் எழுந்து வந்து கையை நீட்டினாள்.

மூன்றாவது செவ்வாய்க்கிழமை. ஊசி முடிந்து எல்லாரும் போய்விட்டார்கள். ஒருவர் மட்டும் சுவருக்கு அந்தப் பக்கம் நின்றார். ஐம்பது வயதுக்காரர். நோய் வருவதற்கு முன் குமுளி மலைக்கு அரிசி மூட்டை ஏற்றி மாட்டு வண்டி ஓட்டியவர். நாலைந்து வருடமாக வருகிறார். அதுவரை என்னோடு ஒரு வார்த்தை பேசியதில்லை.

“ரைட்டரய்யா, ஒண்ணு சொன்னாக் கோவிக்க மாட்டீகளே” என்றார்.

“சொல்லு” என்றேன். என்னைவிட இருபது வயது மூத்தவரை அப்படித்தான் பேசினேன்.

“அந்தக் கால் வராத புள்ளைக்கு இந்தச் சீக்கு இல்லய்யா. வேற என்னமோ. போன வாரம் அந்த வெளுத்த பட்டையில எறும்பு கடிச்சுச்சு, சுள்ளுன்னு தட்டிவிட்டுச்சு. இங்கன மண்ணு சுடுறப்பக் காலைத் தூக்கித் தூக்கி வைக்குது. எங்கள்ல யாருக்குய்யா சுடுது?”

எனக்குக் கோபம் வந்தது. எழுதப் படிக்கத் தெரியாத ஆள் என் ரிஜிஸ்தரைத் திருத்துகிறாரே என்று. “நீ டாக்டருக்குப் படிச்சிருக்கியா?” என்று கேட்டேன்.

“ஆபீசரு ஊருக்கு வந்து சொல்லிட்டாகளாம். கைப்புள்ளைய வாங்கிக்கிட்டுத் தாயைத் தோட்டத்துக் குடிசையில விட்டுருக்காக. புள்ளையப் பாத்து ஒன்றரை மாசமாச்சுன்னு அழுதுச்சு. அதான் சொன்னேன்” என்று சொல்லிவிட்டு, கோலை ஊன்றிக்கொண்டு போய்விட்டார்.

உள்ளே போய் உட்கார்ந்தேன். வேலை ஓடவில்லை. எறும்பு கடித்ததும் மண் சுட்டதும் காதிலேயே நின்றன. சரி, பார்த்துவிட்டு மூடிவைப்போம் என்று அலமாரியிலிருந்து அந்த மாதத்து ரிஜிஸ்தரை எடுத்தேன். சந்தை நாள் பக்கத்தைப் பிரித்தேன். அவள் பெயர் இருந்தது. புருஷன் பெயர், ஊர், வயது. நோய் என்ற இடத்தில் என் கையெழுத்தில் ‘மு. சில்லு’ என்று பாதியில் நின்றிருந்தது. கடைசிக் கட்டத்தில் இரண்டு சின்னக் கோடு.

அதற்கு ஒரு வரி மேலே பார்த்தேன். சற்று முன் சுவருக்கு அந்தப் பக்கம் நின்று என்னிடம் பேசிவிட்டுப் போனாரே, அவருடைய பெயர். ஊசிச் சீட்டைப் புதுப்பிக்க அன்றைக்கு வாசலுக்கு வெளியே வந்து நின்றிருக்கிறார், கம்பவுண்டர் வந்து சொல்ல நான் எழுதியிருக்கிறேன். கடைசிக் கட்டத்தில் தொழுநோயின் நம்பர், என் அழகான கையெழுத்தில்.

அந்த இரண்டு கோட்டையும் போட்டது எனக்கு இன்றுவரை ஞாபகத்துக்கு வரவில்லை. மேலே இருப்பது மலேரியா என்று நினைத்திருப்பேன். மலேரியா என்று எழுதினாலும் பொய்தானே? அது யாரையும் கடிக்காத பொய் என்று நினைத்திருப்பேன். உடம்பெல்லாம் குளிர்ந்துபோய், மலேரியா வந்தவனைப் போல நானே உதறிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். எண்ணிப் பார்த்தேன். மூன்று ஊசி. ஒன்றரை மாதம். ஒருவேளை அந்த மனிதர் வாயைத் திறக்காமல் போயிருந்தால் எத்தனை வருடம் ஆகியிருக்கும்?

ரிஜிஸ்தரை எடுத்துக்கொண்டு போய் டாக்டர் முன்னால் விரித்து வைத்தேன். அவர் பார்த்தார். சத்தம் போடுவார் என்று எதிர்பார்த்தேன், போடவில்லை. அதுதான் பயமாக இருந்தது. அவளை வரச் சொல்லி ஆள் அனுப்பினார்.

மறுநாள் காலை அவள் வந்து, வழக்கம்போல வாகை மரத்தடியில் உட்கார்ந்துகொண்டாள். உள்ளே வரச் சொன்னாலும் வரவில்லை. டாக்டரே ஒரு கோழி இறகும் குண்டூசியும் எடுத்துக்கொண்டு வெளியே போனார். அவளைக் கண்ணை மூடச் சொல்லி, வெளுத்த பட்டையில் இறகால் தொட்டார். “கூசுது” என்றாள். குண்டூசியை வைத்தார். “சுருக்குங்குது” என்றாள். உடம்பு முழுக்கப் பார்த்துவிட்டு எழுந்தார்.

“உனக்கு அந்த நோய் இல்லை அம்மா. ஒரு நாளும் இருந்ததில்லை. நாங்கள்தான் தப்பாக எழுதிவிட்டோம்” என்றார். நாங்கள் என்றார். நான் பின்னால் நின்றுகொண்டிருந்தேன்.

அவள் எங்கள் இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தாள். திட்டுவாள், மண்ணை வாரித் தூற்றுவாள் என்று நினைத்தேன். செய்திருந்தால் எனக்கு ஆறுதலாக இருந்திருக்கும். “அப்ப எம் புள்ளையத் தூக்கலாமாய்யா?” என்று கேட்டாள். அவ்வளவுதான் கேட்டாள்.

டாக்டர் முத்திரை வைத்து ஒரு கடிதம் எழுதி என் கையில் கொடுத்தார். “படித்துக் காட்டினால் மட்டும் போதாது. எழுதியது யார் என்று உம் வாயால் சொல்லிவிட்டு வாரும்” என்றார். வாடகைக்கு ஒரு மாட்டு வண்டி பிடித்தேன். அவளும் நானும் போனோம். ஆறு மைல் தூரம். அவள் வண்டியின் பின்பக்கம் காலை நீட்டி உட்கார்ந்திருந்தாள்.

ஊர்ச் சாவடி முன்னால் வண்டியை நிறுத்தினோம். கூட்டம் கூடியது, ஆனால் பத்தடி தள்ளியே நின்றது. அவள் புருஷன் வந்தான். நல்ல மனிதன்தான். அவன் முகமும் ஒன்றரை மாதமாகத் தூங்காத முகமாகத்தான் இருந்தது. கடிதத்தைச் சத்தமாகப் படித்தேன். யாரும் அசையவில்லை.

பெரியவர் ஒருவர் முன்னால் வந்தார். “அன்னைக்கும் காயிதம்தான் வந்துச்சு. இன்னைக்கும் காயிதம்தான் வந்திருக்கு. ரெண்டுலயும் முத்திரை இருக்கு. நாங்க எதைத்தான்யா நம்புறது?” என்று கேட்டார்.

நியாயமான கேள்வி. “முதல் காகிதம் பொய். அது என் ரிஜிஸ்தரைப் பார்த்து எழுதினது, அதில் எழுதியது நான்தான். நோயைப் பார்த்து எழுதவில்லை” என்றேன்.

“பாக்காம எதுக்கு எழுதுனீக?” புருஷன்தான் கேட்டான். மெதுவாகத்தான் கேட்டான்.

ஆயிரம் சாக்கு சொல்லியிருக்கலாம். சந்தைக் கூட்டம், பட்டியலில் நம்பர் இல்லை, மதுரைக்கு அவசரம். வாயில் வந்தது வேறு. “கட்டம் காலியா இருந்துச்சு” என்றேன்.

அந்தக் கூட்டத்தில் ஒருவர்கூட என்னை ஏசவில்லை. எப்படி ஏசுவது என்று அவர்களுக்குத் தெரியவில்லை என்று நினைக்கிறேன். அவர்கள் பார்த்த பார்வை இன்னும் என் முதுகில் இருக்கிறது.

புருஷன் வீட்டுப் பக்கம் திரும்பிக் குரல் கொடுத்தான். அவனுடைய அண்ணி குழந்தையைத் தூக்கிக்கொண்டு வந்தாள். பிள்ளை இல்லாதவள். ஒன்றரை மாதமாக அவள்தான் வளர்த்திருக்கிறாள். அழுதுகொண்டேதான் வந்தாள். குழந்தையைக் கீழே இறக்கிவிட்டாள். குழந்தை தாயைப் பார்த்தது. பார்த்துவிட்டு, பெரியம்மாவின் சேலைக்குள் முகத்தைப் புதைத்துக்கொண்டது.

தாயால் குனிந்து தூக்க முடியாது. அந்தப் புழுதியிலேயே, வண்டிச் சக்கரத்தைப் பிடித்துக்கொண்டு மெல்ல இறங்கி உட்கார்ந்தாள். இடது காலை முன்னால் நீட்டினாள். ஆஸ்பத்திரிச் சுவரோரம் நீட்டியிருந்தாளே, அதே மாதிரி. கூப்பிடவில்லை, கையை நீட்டவில்லை. காலை மட்டும் நீட்டி வைத்துக்கொண்டு காத்திருந்தாள்.

குழந்தை வரவில்லை. நான் நின்ற வரைக்கும் வரவில்லை. வண்டிக்காரன் கிளம்ப வேண்டும் என்றான். திரும்பிப் பார்க்கும்போது அவள் அப்படியே உட்கார்ந்திருந்தாள். நான் வண்டிக்குள் உட்கார்ந்து, மேல்துண்டால் முகத்தை மூடிக்கொண்டு அழுதேன்.

அடுத்த செவ்வாய்க்கிழமை வாகை மரத்தடிக்கு நானாகப் போனேன். முதல் தடவையாகச் சுவரைத் தாண்டிப் போனேன். அன்றைக்குச் சுவரோரம் நின்று சொன்ன அந்த மனிதர் முன் நின்று, “மன்னிச்சிருங்க” என்றேன். அவர் பதறி எழுந்தார்.

“அந்தப் புள்ள வீட்டுக்குப் போயிருச்சுல்ல, அது போதும்யா” என்றார். பிறகு, கேட்காமலே சொன்னார். “எனக்கும் ஒரு மக இருக்கா. தேவதானப்பட்டியில கட்டிக் குடுத்தாக. கல்யாணத்தன்னைக்கு நான் கண்மாய்க் கரையில நின்னுதான் பாத்தேன். பேரன் பொறந்திருக்கான்னு சொன்னாக.”

பெயரைக் கூப்பிட வேண்டிய நேரம் ஆகிவிட்டது. நான் கூப்பிட்டேன்.

அறுவடை முடிந்த பிறகு அவள் தைலம் வாங்க வந்தாள். இடுப்பில் குழந்தை. என் உயிர் அப்போதுதான் திரும்பி வந்தது. எத்தனை நாளில் வந்து ஏறியது என்று கேட்க எனக்குத் தைரியம் இல்லை. நான் எழுதத் தொடங்கியதும், “இப்ப என்ன எழுதுறீக, வாசிச்சுச் சொல்லுங்கய்யா” என்றாள். பட்டியலைப் பார்க்காமல், கட்டத்தை விட்டு வெளியே போனாலும் போகட்டும் என்று, ‘முழங்கால் சில்லு உடைந்து கோணலாகக் கூடியது, வேறு நோய் எதுவும் இல்லை’ என்று எழுதி வாசித்துக் காட்டினேன். தலையை ஆட்டிக்கொண்டாள். எழுந்து போகும்போது, “எனக்குக் கீழ வர்றவுகளுக்கும் மொகத்தப் பாத்து எழுதுங்கய்யா” என்றாள்.

மதுரையிலிருந்து விளக்கம் கேட்டுக் காகிதம் வந்தது. டாக்டர் அதை மடித்து மேசை டிராயரில் போட்டுவிட்டார். அதற்குப் பிறகு நான் ஓய்வு பெறும்வரை ‘மேற்படி’ போட்டதே இல்லை. ஐம்பது மலேரியா என்றால் ஐம்பது தடவை நம்பரை எழுதினேன். மெதுவான ரைட்டர் என்று பெயர் வாங்கினேன்.

ஆனால் எனக்குத் தூக்கம் கெடுவது அவளுடைய வரியை நினைத்து அல்ல. அதைத் திருத்த ஒரு கடிதமாவது இருந்தது, கொண்டுபோக ஒரு வண்டி இருந்தது. அதற்கு மேலே இருந்த வரியில் நான் பிழையே செய்யவில்லை, நம்பர் சரியாகத்தான் இருந்தது. பேரனைத் தூக்கலாமா என்று என்னிடம் ஒரு நாளும் கேட்காத அந்த மனிதருக்கு நான் என்ன எழுதிக் கொண்டுபோயிருக்க வேண்டும் என்று இந்த வயதிலும் யோசித்துக்கொண்டிருக்கிறேன்.